மரக்கறி என்று சொன்னால் அது மரக்கறியாகவே இருக்கட்டும்



கொஞ்சம் நீளமான பதிவு. நேரம் கிடைக்கும்போது ஆறுதலாக வாசியுங்கள். இதில் ஒரு சமையல் குறிப்பும் உண்டு, சிலருக்குக் கோபம் வரக்கூடிய ஒரு கருத்தும் உண்டு.

கத்தரிக்காயும் பயிற்றங்காயும் தேங்காய்ப்பாலில் வெந்து மேசைக்கு வந்தால் நமது பிள்ளைகள், "இன்டைக்கும் மரக்கறியா உம்மா?" என்று கேட்கிறார்கள். அதே கத்தரிக்காயும் அதே பயிற்றங்காயும் அதே தேங்காய்ப்பாலில் வெந்து, மேலே நாலு இலை போட்டு, 'தாய் கிறீன் கறி' என்ற பெயரோடு கொழும்பில் ஒரு கிண்ணத்தில் வந்தால் முதலில் படம் பிடிக்கிறார்கள். பிறகு கிண்ணத்தை வழித்துச் சாப்பிடுகிறார்கள். பில்லை வாப்பா கட்டுகிறார்.

பிள்ளைகளைக் குறை சொல்வதற்காக இதை எழுதவில்லை. அது உண்மையிலேயே நல்ல கறி. நாங்கள் சொல்ல வருவது இரண்டு விடயம். ஒன்று, அதை நமது குசினியிலேயே ஆக்கலாம். வேண்டிய சாமான்களில் பெரும்பாலானவை நமது வளவிலும் சந்தையிலும் கிடக்கின்றன. இரண்டு, அதை முறையாக ஆக்கப் பழகும்போது 'மரக்கறி' என்ற சொல்லை நாம் எவ்வளவு கவனமில்லாமல் பாவிக்கிறோம் என்பது தெரியவரும். இரண்டாவதுதான் முக்கியம். ஆனால் முதலாவதைச் சொல்லாமல் அதற்குப் போக முடியாது.

*சாமான்கள் நமக்குப் புதியவை அல்ல*

தாய்லாந்துக் கறியின் வாசனைக்கு முதற்காரணம் சேரை. இறைச்சிக் கறிக்கு ரம்பையோடு சேர்த்து முடிந்து போடுகிறோமே, அதே சேரைதான். மலாய்க்காரர் அதை 'செராய்' என்கிறார்கள். அவர்களது சொல்லையும் நமது சொல்லையும் சேர்த்து உச்சரித்துப் பாருங்கள். ரம்பையும் அங்கே உண்டு. நாம் அதைக் கறிக்கும் சோற்றுக்கும் போடுகிறோம், அவர்கள் பெரும்பாலும் இனிப்புப் பண்டங்களுக்குப் போடுகிறார்கள்.

இஞ்சியைப் போல் இருந்து, இஞ்சியை விடக் கடுமையாகவும் கொஞ்சம் மருந்து வாசனையோடும் இருக்கும் கிழங்கு அரத்தை. நமது உம்மம்மாமார் சளிக்கும் இருமலுக்கும் அவித்துக் குடிக்கத் தந்தது. நாட்டு மருந்துக் கடைகளில் காய்ந்ததாகக் கிடைக்கும். சில வளவுகளில் பூஞ்செடி என்று நினைத்து வளர்க்கிறோம். நாம் மருந்துப் பெட்டியில் வைத்ததைத் தாய்லாந்துக்காரர் கறிச்சட்டியில் வைத்தார்கள், அவ்வளவுதான் வித்தியாசம்.

அவர்களது பச்சைக் கறியில் சின்னச் சின்ன உருண்டையாக மிதக்கும் 'மக்குவா புவாங்' என்பது நமது சுண்டங்காய். எவரும் காசு கொடுத்து வாங்காமல் வேலியோரம் பழுத்து விழுகிற காய்.

கடைசியில் தூவுகிற இலையை அங்கே 'ஹோரபா' என்கிறார்கள். திருநீற்றுப்பச்சை இனத்தைச் சேர்ந்தது. நோன்பு காலத்தில் சர்பத்திலும் பலூடாவிலும் கறுப்பாக ஊறி மிதக்கும் 'கசகசா' இருக்கிறதல்லவா, அது இந்த இனச் செடியின் விதை. கடையில் வாங்கிய கசகசாவில் ஒரு தேக்கரண்டியை எடுத்து ஈர மண்ணில் தூவி, மேலே மெல்லிய மண் போட்டுவிட்டால் ஒரு கிழமைக்குள் முளைக்கத் தொடங்கும். அப்படியே ஹோரபா வாசனை வராது, ஹோரபாவில் சோம்பு வாசனை கொஞ்சம் கூடுதல். ஆனாலும் இந்தக் கறிக்கு நன்றாகவே ஒத்துவரும். அரபு மொழியில் இந்தச் செடிக்கு 'ரைஹான்' என்று பெயர். பிள்ளைகளுக்கு ரைஹான், ரைஹானா என்று ஆசையாகப் பெயர் வைக்கும் நாம், அந்தச் செடி ஒன்றை வாசலில் வைத்தால் என்ன?

கிடைக்கக் கொஞ்சம் கஷ்டமானது மக்ரூட் இலை ஒன்றுதான். தேசிக்காய் இனத்தில் தோல் கரடுமுரடான காய், இரட்டை இலை போல நடுவில் ஒடுங்கிய இலை. சிங்களத்தில் 'கூடலு தெஹி' என்பார்கள். அட்டை கடிக்காமல் இருக்க அதன் சாற்றைக் காலில் பூசும் வழக்கத்தால் வந்த பெயர். மலைநாட்டுப் பக்கமும் தெற்கிலும் வளவுகளில் உண்டு. அந்தப் பக்கத்தில் சொந்தக்காரர் இருந்தால் ஒரு கன்று கேளுங்கள், சாடியிலும் வளரும். கிடைக்காவிட்டால் தேசி மரத்தின் இளம் இலையும், தேசிக்காயின் பச்சைத் தோலை மெதுவாகத் துருவியதும் போதும். வாசனை பாதியாகத்தான் இருக்கும், ஆனால் கறி கறியாக இருக்கும். ஆங்கிலத்தில் இதற்கு 'கபிர் லைம்' என்று ஒரு பழைய பெயர் உண்டு. அந்த முதற்சொல் தென்னாபிரிக்காவில் கறுப்பின மக்களை இழிவாக ஏசும் சொல்லாகிப் போனது. அதனால் இப்போது பலர் 'மக்ரூட்' என்ற தாய்ப் பெயரையே பாவிக்கிறார்கள். அந்தச் சொல்லின் வேர் அரபு மொழியில் இருப்பதால், நாம் இன்னும் கொஞ்சம் கவனமாக இருப்பது நல்லது.

மிளகாயை மட்டும் எவரும் தமது சொந்தச் சொத்து என்று சொல்ல முடியாது. அது அமெரிக்கக் கண்டத்துப் பயிர். 16ஆம் நூற்றாண்டில் போர்த்துக்கேயர் காலத்தில்தான் இந்தப் பக்கக் கடல்களுக்கு வந்தது. அதற்கு முன்பு நமக்கும் உறைப்பு மிளகுதான், அவர்களுக்கும் மிளகுதான். மிளகாய் வந்ததும் நாம் மிளகின் பெயரோடு 'காய்' சேர்த்தோம். தாய் மொழியில் புதிதாக வந்த மிளகாய் 'ப்ரிக்' என்ற பெயரை எடுத்துக்கொண்டது, பழைய மிளகு 'ப்ரிக் தாய்' ஆனது. தாய்நாட்டு உறைப்பு என்று பொருள். இரண்டு ஊர்க் குசினிகளிலும் ஒரே கதை.

*வித்தியாசம் இரண்டு இடத்தில்*

சாமான் இவ்வளவு ஒன்றாக இருந்தும் ருசி ஏன் வேறாக இருக்கிறது? இரண்டு காரணம்.

முதலாவது, நாம் பெரும்பாலும் காய்ந்த சரக்கை வறுத்துத் தூளாக்கிப் போடுகிறோம். அவர்கள் பச்சையாக இடித்த விழுதைப் போடுகிறார்கள். தூள் மாதக்கணக்கில் போத்தலில் இருக்கும். விழுது அன்றைக்கு இடித்து அன்றைக்கு ஆக்குவது.

இரண்டாவது, தேங்காய்ப்பால் ஊற்றும் ஒழுங்கு. நாம் மரக்கறியை மூன்றாம் பாலிலோ இரண்டாம் பாலிலோ அவிய விட்டு, இறக்கப் போகும் நேரத்தில் தலைப்பாலை ஊற்றுகிறோம். "கொதிக்க விடாதே, பால் திரைஞ்சிடும்" என்பது நமது வீட்டுச் சட்டம். அவர்கள் நேர்மாறு. தலைப்பாலைத்தான் முதலில் சட்டியில் ஊற்றுகிறார்கள். அது கொதித்து, வற்றி, திரைந்து, எண்ணெய் பிரியும் வரை விடுகிறார்கள். அந்த எண்ணெயில்தான் விழுதைப் போட்டு வதக்குகிறார்கள். பிறகுதான் தண்ணீர்ப்பால்.

இதற்குள் விஞ்ஞான பாடம் ஒன்று இருக்கிறது. தேங்காய்ப்பால் என்பது தண்ணீரில் மிதக்கும் நுண்ணிய எண்ணெய்த் துளிகள். தேங்காயிலுள்ள புரதம் ஒவ்வொரு துளியையும் சுற்றி ஒரு தோல் போல நின்று, ஒன்றோடொன்று சேர விடாமல் வைத்திருக்கிறது. நன்றாகக் கொதித்தால் தண்ணீர் ஆவியாகும், புரதம் இறுகும், துளிகள் ஒன்றுசேர்ந்து எண்ணெய் மேலே வரும். சேரை, அரத்தை, தேசித்தோல் ஆகியவற்றின் வாசனைப் பொருள்கள் தண்ணீரை விட எண்ணெயில் நன்றாகக் கரையும். அதனால்தான் எண்ணெய் பிரிந்த பிறகு விழுதைப் போட்டால் வீடு மணக்கிறது. தகரத்திலும் பெட்டியிலும் வரும் தேங்காய்ப்பாலில் எண்ணெய் பிரியாமல் இருப்பதற்கென்றே வேறு பொருள்கள் சேர்ப்பதுண்டு. அப்படிப்பட்டதை எவ்வளவு கொதிக்க வைத்தாலும் சரியாகப் பிரியாது. திருவிப் பிழிந்த நமது தேங்காய்ப்பால் இந்த வேலைக்கு அதைவிடத் திறம். வெளிநாட்டில் இருப்பவர்கள் தேடித் திரியும் சாமான் நமது துருவுபலகைக்குக் கீழே இருக்கிறது.

*ஆக்கும் முறை*

ஐந்தாறு பேருக்கு அளவு சொல்கிறோம்.

விழுதுக்கு: பச்சைக் கொச்சிக்காய் 10 அல்லது 12 (பிள்ளைகளுக்கென்றால் விதையை எடுத்துவிட்டு 6), சின்ன வெங்காயம் 8, உள்ளி 6 பல், சேரையின் அடித்தண்டு 3, பெருவிரல் நுனியளவு அரத்தை, ஒரு தேசிக்காயின் பச்சைத் தோல், மல்லி 1 மேசைக்கரண்டி, நற்சீரகம் 1 தேக்கரண்டி, மிளகு அரைத் தேக்கரண்டி, உப்பு 1 தேக்கரண்டி. மல்லி இலைக் கட்டு வேரோடு கிடைத்தால் வேரை எறிய வேண்டாம். தாய்லாந்து விழுதில் இலையை விட வேருக்குத்தான் மதிப்பு. கழுவி நாலைந்து வேரைச் சேருங்கள்.

மல்லி, சீரகம், மிளகு மூன்றையும் இலேசாக வறுத்து முதலில் இடியுங்கள். அதன் பிறகு சேரை, அரத்தை, தேசித்தோல், மல்லிவேர், உப்பு. சேரையைக் குறுக்கே மிக மெல்லிதாக வெட்டியிருக்க வேண்டும், நீளமாக வெட்டினால் நார் தொண்டையில் சிக்கும். அதற்குப் பிறகு கொச்சிக்காய். கடைசியில்தான் வெங்காயமும் உள்ளியும், ஏனென்றால் அவற்றில் தண்ணீர் அதிகம். முதலிலேயே போட்டால் மற்றவை வழுக்கிக்கொண்டு ஓடும், இடிபடாது. உரலோ அம்மியோ இருந்தால் மிக நல்லது. கிறைண்டர் என்றால் தண்ணீர் ஊற்றாமல் இரண்டு கரண்டி தேங்காய்ப்பால் விட்டு அரையுங்கள். பச்சை நிறம் போதாவிட்டால் ஒரு பிடி மல்லி இலையையும் சேர்த்து அரைக்கலாம்.

கறிக்கு: இரண்டு தேங்காயில் பிழிந்த தலைப்பால் ஒன்றரைக் கோப்பை, இரண்டாம் பால் இரண்டரைக் கோப்பை. மரக்கறி எல்லாமாக முக்கால் கிலோ. பூசணிக்காய், கத்தரிக்காய், பயிற்றங்காய் அல்லது போஞ்சி, கரட், கறிமிளகாய், கிடைத்தால் காளான், ஒரு பிடி சுண்டங்காய். சக்கரை ஒரு சின்னத் துண்டு. கித்துள் சக்கரையும் சரி, பனங்கட்டியும் சரி.

தலைப்பாலில் ஒரு கோப்பையைச் சட்டியில் ஊற்றி நடுத்தர நெருப்பில் கிண்டிக்கொண்டே இருங்கள். பத்து நிமிடத்துக்குள் ஓரத்தில் எண்ணெய் தெரியத் தொடங்கும். விழுதைப் போட்டு, பச்சை வாசனை போகும் வரை நாலைந்து நிமிடம் வதக்குங்கள். இரண்டாம் பாலை ஊற்றிக் கொதித்ததும் கரட், பூசணி, சுண்டங்காய். ஐந்து நிமிடம் கழித்துக் கத்தரிக்காய். அதற்குப் பிறகு பயிற்றங்காய், காளான், கறிமிளகாய். மக்ரூட் இலை இருந்தால் நடு நரம்பை எடுத்துவிட்டுக் கிழித்துப் போடுங்கள். சக்கரை, தேவைக்கு உப்பு. மீதித் தலைப்பாலை ஊற்றி ஒரு கொதி. அடுப்பை நிறுத்திய பிறகு ரைஹான் இலை ஒரு பிடி, தேசிப்புளி கொஞ்சம். பயிற்றங்காய் கடித்தால் சத்தம் கேட்க வேண்டும். நமது வழக்கப்படி குழைய விட்டால் அது வேறு கறி.

சோற்றோடு சாப்பிடலாம். இடியப்பத்துக்கு இன்னும் நன்றாக இருக்கும் என்பது எங்கள் வீட்டின் தீர்ப்பு. தாய்லாந்திலேயே 'கனோம் சீன்' என்ற அரிசி நூடில்ஸோடு இந்தக் கறியைச் சாப்பிடும் வழக்கம் உண்டு. அதனால் இடியப்பத்தைக் குறுக்கு வழி என்று எவரும் சொல்ல முடியாது.

*இனி அந்த இரண்டாவது விடயம்*

மேலே சொன்ன குறிப்பில் ஒன்றை வேண்டுமென்றே விட்டிருக்கிறோம். தாய்லாந்தில் இந்த விழுது சாதாரணமாக 'கபி' இல்லாமல் இடிபடுவதில்லை. கபி என்றால் உப்பில் ஊறப் போட்டுப் புளிக்க வைத்த கூனி இறால் விழுது. உப்புக்குப் பதிலாக 'நாம் ப்லா' ஊற்றுவார்கள். அது மீனை உப்பில் மாதக்கணக்காக ஊற வைத்து வடித்த சாறு. ஆகவே அங்கே ஒரு கடையில் 'மரக்கறிக் கறி' என்று கேட்டால் இறைச்சித் துண்டு இல்லாத கறி வரும். இறாலும் மீனும் இல்லாத கறி வரும் என்பதற்கு உத்தரவாதம் இல்லை. முழுமையான சைவம் வேண்டுமானால் 'ஜே' என்று சொல்லிக் கேட்க வேண்டும். மஞ்சள் கொடியில் சிவப்பு எழுத்து வைத்த கடைகள் அதற்கென்றே உண்டு.

இங்கே சுப்பர் மார்க்கட்டில் வாங்கும் போத்தல் விழுதுகளிலும் இதே கதைதான். முன்பக்கத்தில் பச்சை இலையும் கொச்சிக்காயும் படமாக இருக்கும். பின்பக்கத்தில் சின்ன எழுத்தில் இறால் என்று இருக்கும். இறால் இல்லாமல் வருபவையும் உண்டு. திருப்பிப் பார்த்தால்தான் தெரியும்.

"நமக்கு அதில் என்ன பிரச்சினை, இறால் ஹலால்தானே?" என்று கேட்கலாம். உண்மை. ஷாஃபி மத்ஹபில் இருக்கும் நம்மில் பெரும்பாலானவர்களுக்கு அதில் பிரச்சினை இல்லை. ஹனபி மத்ஹபைப் பின்பற்றும் சகோதரர்களில் சிலர் இறாலைத் தவிர்ப்பார்கள், அவர்கள் கேட்டறிய வேண்டும். ஆனால் நாங்கள் கதைப்பது நமது தட்டைப் பற்றி இல்லை. நமது வீட்டுக்கு வந்து, நம்மை நம்பி, நமது தட்டில் சாப்பிடுகிறவரைப் பற்றி.

பாடசாலைகளில் வேலை செய்கிறவர்களுக்கு இது நன்றாகத் தெரியும். ஆசிரியர் அறையில் பகல் சாப்பாட்டைப் பகிர்ந்து உண்கிறோம். சைவ ஆசிரியை ஒருவர் வெள்ளிக்கிழமை மச்சம் சாப்பிடமாட்டார். இன்னொருவர் கந்தசஷ்டி விரதம். சிங்கள ஆசிரியர் ஒருவர் போயா நாளில் சில் எடுப்பார். நாம் ஆசையாகச் சம்பலையும் பருப்பையும் நீட்டி, "டீச்சர், இது மரக்கறிதான், பயப்படாம எடுங்க" என்கிறோம். அந்தச் சம்பலில் மாசி. பருப்புத் தாளிதத்தில் மாசி. சில வீடுகளில் கத்தரிக்காய் மோஜுவிலும் நெத்தலி அல்லது இறால் தூள். நமது நாக்குக்கு மாசி மீனே இல்லை, அது உப்பு மாதிரி ஒரு சரக்கு. ஆகவே நாம் பொய் சொல்வதாக நமக்குத் தோன்றுவதே இல்லை. அவருக்கோ அது மீன்.

"ருசிக்குக் கொஞ்சந்தானே", "தெரியாமல் சாப்பிட்டால் என்ன", "கேட்டால் மட்டும் சொல்லுவம்". இந்த மூன்று வசனத்தையும் கல்யாண வீடுகளிலும் இப்தார் நிகழ்வுகளிலும் கேட்கிறோம். இவற்றை அப்படியே திருப்பி நமக்குச் சொல்லிப் பாருங்கள். பிற சமயத்தவர் ஒருவரின் வீட்டில் நாம் சாப்பிட உட்கார்ந்திருக்கிறோம். "எண்ணெயில கொஞ்சந்தானே", "தெரியாம சாப்பிட்டா உங்களுக்கு என்ன" என்று அவர் சொன்னால் நமது முகம் எப்படி மாறும்? அந்த வீட்டு வாசலை மறுபடியும் மிதிப்போமா?

2013ஆம் ஆண்டை நாம் மறக்கவில்லை. ஹலால் சின்னத்துக்கு எதிராக இந்த நாட்டில் எவ்வளவு பெரிய பிரசாரம் நடந்தது. கடைசியில் அந்தச் சின்னம் உள்ளூர்ப் பொருள்களிலிருந்து அகற்றப்படும் நிலைமை வந்தது. அப்போது நாம் எல்லோரும் ஒரு நியாயத்தைச் சொன்னோம். "நாங்கள் எவருக்கும் எதையும் திணிக்கவில்லை. எங்கள் வாய்க்குள் போவது என்ன என்று அறியும் உரிமையைத்தான் கேட்கிறோம்" என்றோம். அது சரியான நியாயம், இன்றைக்கும் சரி. ஆனால் அது நமக்கு மட்டும் உரிய நியாயமாக இருந்தால் அதற்குப் பெயர் சலுகை. நமது மேசையில் சாப்பிடுகிற சைவருக்கும், போயா நாளில் மச்சம் விலக்குகிறவருக்கும், இறால் ஒத்துக்கொள்ளாமல் உடம்பு தடிக்கிற பிள்ளைக்கும் அதே உரிமை உண்டு என்று நாம் நடந்து காட்டும்போதுதான் நமது வாதத்துக்குப் பலம் வரும்.

கடைசியாகச் சொன்னதையும் இலேசாக எடுக்க வேண்டாம். இறால், நண்டு ஒவ்வாமை உள்ளவர்களுக்கு ஒரு கரண்டி விழுதிலுள்ள இறாலே ஆபத்தாகலாம். "மரக்கறிதான்" என்ற ஒரு சொல்லை நம்பி ஒரு பிள்ளை மூச்சுத் திணறுவதற்கு நாம் காரணமாகக் கூடாது.

ஆகவே எங்கள் கருத்து இதுதான். மரக்கறி என்று சொல்லிக் கொடுக்கும் கறியில் மாசியும் வேண்டாம், கபியும் வேண்டாம், மீன் சாறும் வேண்டாம். போட ஆசையாக இருந்தால் போடுங்கள், ஆனால் பெயரை மாற்றிச் சொல்லுங்கள். "மாசி போட்ட பருப்பு" என்று சொல்வதில் எந்த அவமானமும் இல்லை. விருந்து வீடுகளில் மரக்கறிச் சட்டிக்குத் தனி அகப்பை வையுங்கள். இறைச்சிக் கறிக்குள் போன அகப்பை பருப்புக்குள் வருவதைப் பார்த்துப் பேசாமல் எழும்பிப் போன விருந்தாளிகளை நாம் கண்டிருக்கிறோம். அவர்கள் சத்தம் போடமாட்டார்கள். அடுத்த முறை வரமாட்டார்கள், அவ்வளவுதான்.

"கபி இல்லாவிட்டால் அந்த ருசி வராதே" என்று சமையல் தெரிந்தவர்கள் சொல்வார்கள். நியாயமான கேள்வி. இறாலும் மாசியும் தருவது உப்பு மட்டும் இல்லை, நாக்கில் தங்கி நிற்கும் ஒரு கனதியான ருசி. அதை வேறு வழியிலும் எடுக்கலாம். வட தாய்லாந்தில் புளிக்க வைத்துக் காயப்போட்ட சோயாவைத் தட்டையாக்கி, சுட்டு இடித்துப் போடுகிறார்கள். 'துவா நாவ்' என்று பெயர். நமக்கு அது கிடைக்காது. ஆனால் காளானைத் தண்ணீர் வற்றும் வரை நன்றாக வறுத்து விழுதோடு சேர்த்து இடிக்கலாம். ஒரு தேக்கரண்டி சோயா சோஸ் விடலாம், அதற்கேற்ப உப்பைக் குறைத்துக்கொள்ளுங்கள். எங்கள் வீட்டில் காளான்தான் பழக்கம். சாப்பிட்டவர்கள் எவரும் இறாலைத் தேடவில்லை.

*கறியின் பெயரில் நாமும் இருக்கிறோம்*

தாய்லாந்துக் கறிகளில் 'மஸ்ஸமன்' என்று ஒன்று உண்டு. ஏலம், கறுவா, கறாம்பு, சாதிக்காய் எல்லாம் வறுத்துப் போட்டு, உருளைக்கிழங்கும் கச்சானும் புளியும் சேர்த்து ஆக்குவது. மற்றத் தாய் கறிகளை விட நமது கறிக்கு மிக நெருக்கமானது. அந்தப் பெயர் 'முசல்மான்' என்பதிலிருந்து வந்தது. அதாவது முஸ்லிம்காரர் கறி. 1809 முதல் 1824 வரை ஆட்சி செய்த இரண்டாம் ராமா மன்னர் உணவுகளைப் பற்றிப் பாடிய பாடலில் இந்தக் கறிக்கு இடம் கொடுத்திருக்கிறார். அதற்கும் முன்பு, 17ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், ஈரானின் கும் நகரிலிருந்து வந்த ஷெய்க் அஹ்மத் என்ற வியாபாரி அயூத்தயாவில் பெரிய பதவிக்கு உயர்ந்தார். அவரது வழிவந்த புன்னாக் குடும்பம் பிற்காலத்தில் அந்த நாட்டின் செல்வாக்கு மிக்க குடும்பங்களில் ஒன்றானது.

பௌத்தர் பெரும்பான்மையாக வாழும் நாட்டில், சிறுபான்மைச் சமூகம் ஒன்றின் கறியை ராசாவே பாடலில் வைத்து, நாடே தன் கறியாக ஆக்கிச் சாப்பிடுகிறது. தாய்லாந்தின் தெற்கில் பட்டாணி, யாலா, நராதிவாட் பக்கத்து முஸ்லிம்களின் நிலைமை அவ்வளவு இனிமையாக இல்லை என்பதும் நமக்குத் தெரியும். ஒரு கறி எல்லாப் பிரச்சினையையும் தீர்க்காது. ஆனாலும் ஒரு சமூகத்தைப் பற்றிய நல்ல நினைவை ஒரு சட்டி கறி நூற்றாண்டுக்கணக்கில் தூக்கிக்கொண்டு போக முடிகிறது. இங்கே நமது வட்டிலப்பத்துக்காகப் பெருநாளுக்கு முதல் நாளே சொல்லி வைக்கும் சிங்கள, தமிழ் நண்பர்கள் எல்லோருக்கும் உண்டு. அந்த வரிசையில் "அவங்கட வீட்டு மரக்கறியை நம்பிச் சாப்பிடலாம்" என்ற பெயரும் நமக்கு வரட்டுமே.

*அம்மியில் யார் உட்காருவது?*

இதையும் சொல்லாமல் விட்டால் நமது உம்மாமார் மன்னிக்கமாட்டார்கள். விழுது இடிப்பது லேசான வேலை இல்லை. இருபது நிமிடம் கை வலிக்க இடிக்க வேண்டும். "புதுசா ஒரு கறி ஆக்குங்க" என்று பதிவு போட்டுவிட்டு ஆண்கள் பள்ளிவாசல் முன்னால் நின்று கதைத்துக்கொண்டிருப்பது நியாயம் இல்லை.

நமது பாடசாலைகளில் மனைப்பொருளியல் இன்னும் பெண்பிள்ளைகளின் பாடமாகத்தான் இருக்கிறது. ஆண்பிள்ளை அதை எடுத்தால் சிரிக்கிறோம். அதே பிள்ளை உயர்தரம் முடித்த கையோடு கட்டாருக்கோ சவூதிக்கோ போகிறான். ஒரு அறையில் ஆறு பேர். அங்கே தினமும் வெள்ளைச் சோறும் பொரித்த கோழியும் குளிர்பானமும். முப்பத்தைந்து வயதில் சீனி வருத்தத்தோடு திரும்பி வருகிறான். ஒரு மரக்கறியை ஒழுங்காக ஆக்கத் தெரிவது அவனது உடம்புக்குக் காப்புறுதி. உலக சுகாதார ஸ்தாபனம் ஒரு நாளைக்கு மரக்கறியும் பழமுமாக 400 கிராமாவது சாப்பிடச் சொல்கிறது. நமது வலீமாச் சஹனில் ஒருவர் பங்குக்கு எத்தனை கிராம் வரும் என்று அடுத்த முறை கண்ணால் நிறுத்துப் பாருங்கள்.

ஆண்பிள்ளையை அம்மிக்கு முன்னால் உட்கார வையுங்கள். தன் கையால் இடித்த விழுதில் ஆக்கிய கறியை எந்தப் பிள்ளையும் "இன்டைக்கும் மரக்கறியா" என்று கேட்பதில்லை. அனுபவத்தில் சொல்கிறோம்.

தேங்காய் விலையைச் சொல்லிச் சிலர் சண்டைக்கு வருவீர்கள். சரிதான், இரண்டு தேங்காய் இன்றைக்குச் சின்னக் காசு இல்லை. தினமும் ஆக்கச் சொல்லவில்லை. மாதத்தில் ஒரு நாள், வாங்கும் இறைச்சியில் ஒரு கிலோவைக் குறைத்துக்கொண்டு ஆக்கிப் பாருங்கள். கணக்கு மிச்சமாகத்தான் வரும்.

அந்த ஒரு நாளில் பக்கத்து வீட்டுச் சைவக் குடும்பத்தையோ, கூட வேலை செய்கிறவரையோ கூப்பிடுங்கள். அவர்கள் கேட்கும் முன்பே, இதில் என்னென்ன இருக்கிறது, என்ன இல்லை என்று நீங்களே சொல்லுங்கள். போத்தல் விழுது பாவித்திருந்தால் போத்தலைக் கொண்டுவந்து காட்டுங்கள்.

ஆக்கியவர்கள் எப்படி வந்தது என்று கீழே எழுதுங்கள். மக்ரூட் கன்று வைத்திருப்பவர்கள் ஊர்ப் பெயரோடு சொன்னால் தேடுகிறவர்களுக்கு உதவியாக இருக்கும். மாசி இல்லாமல் சம்பலை ருசியாக அரைக்கத் தெரிந்த உம்மாமார் இருந்தால் அந்த விபரத்தையும் எழுதி விடுங்கள், நாங்களும் பழகக் காத்திருக்கிறோம்.

அல்லாஹ் நமது ரிஸ்கிலும், அதைப் பகிர்ந்து உண்ணும் உறவுகளிலும் பரக்கத் செய்வானாக.